மணியோசை வரும் முன்னே
(திருகோணமலையில் ஒரு வாசிகசாலையின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)

பெருமதிப்புக்குரிய தலைவர் அவர்களே, பிரதம அதிதியாக வந்து மேடையை நிறைத்திருக்கும் ஓய்வுபெற்ற அதிபர் அவர்களே, மட்டக்களப்பிலிருந்து பஸ்ஸில் குலுங்கி வந்திருக்கும் சிறப்பு அதிதி அவர்களே, முன்வரிசைத் தாய்மார்களே, தேத்தண்ணீர் எப்போது வரும் என்று பார்த்திருக்கும் பின்வரிசை இளைஞர்களே, எல்லோருக்கும் வணக்கம்.

அதிபர் அவர்கள் எனக்கு எட்டாம் வகுப்பில் கணக்குப் படிப்பித்தவர். எண்பத்தாறு வயதிலும் வேட்டி மடிப்புக் கலையாமல் இருக்கிறார். ஆண்டுக் கணக்கில் பிழை விட்டால் இங்கேயே திருத்திவிடுங்கள், சேர். காதை மட்டும் முறுக்க வேண்டாம், இன்றைக்கு அது எனக்குத் தேவைப்படுகிறது. போன வருடம் நன்றியுரையில் பெயர் விடுபட்ட பொருளாளர் அவர்களுக்கும் இப்போதே வணக்கம் சொல்லிவிடுகிறேன். எனக்குப் போட்ட பொன்னாடைக்கும் நன்றி. இந்தப் புழுக்கத்தில் அதை மடியில் வைத்திருப்பதைத் தவறாக எடுக்க வேண்டாம்.

'காலம் தப்பிக் கேட்கும் ஒலிகள்' என்பது எனக்குத் தந்த தலைப்பு. மூன்று கேள்விகளை எடுத்துக்கொள்கிறேன். அந்தச் சத்தங்கள் எங்கிருந்து வருகின்றன? யாருக்குக் கேட்கின்றன? கடந்த காலம் கேட்பதுபோல வருங்காலமும் கேட்குமா?

யானை வரும் பின்னே, மணியோசை வரும் முன்னே என்பார்கள். நம்முடைய ஊரில் அது தலைகீழ். யானை போய் நானூறு ஆண்டுகள் ஆகிவிட்டன. மணியோசை இன்னும் வந்துகொண்டிருக்கிறது. போர்த்துக்கேயர் கோணேசர் கோயிலை 1622இல் இடித்தார்கள். அந்தக் கல்லை எடுத்தே கோட்டை கட்டினார்கள். 1956இல் எழுத்தாளர் ஆர்தர் கிளார்க்கும் அவருடைய தோழர் மைக் வில்சனும் கோயில் நின்ற சுவாமி மலையடியில் சுழியோடி, கடலுக்குள் கிடந்த தூண்களைக் கண்டார்கள். தூண் அகப்பட்டது, சரி. மணி? அதற்குத் திருக்கடலூரில் கடலுக்குப் போகிறவர்களைக் கேட்க வேண்டும். காற்று விழுந்த இரவில், மலைக்கு நேர் கீழே வள்ளத்தை நிறுத்தி இயந்திரத்தை அணைத்தால், அடித்தட்டுப் பலகை வழியாக உள்ளங்காலில் முதலில் அதிருமாம். பிறகுதான் காதுக்கு வருமாம். சம்பந்தர் நம் ஊரைப் பாடிய பதிகத்தின் தொடக்கமே 'நிரைகழல் அரவம் சிலம்பொலி' என்றுதான் வருகிறது. அவர் இங்கே வந்து பாடவில்லை, இராமேசுவரத்திலிருந்தே பாடினார் என்பது வழக்கு. அந்தக் கரையில் நின்றவருக்கு இந்தக் கரையின் சத்தம் எட்டியிருக்கிறது. சிறப்பு அதிதி அவர்கள் மன்னிக்க வேண்டும், மட்டக்களப்பில் மீன்தான் பாடுகிறது!

இரண்டாவது கேள்விக்கு எங்கள் பெரியப்பாவின் கதையைச் சொல்லியே ஆகவேண்டும்.

1942 ஏப்ரல் 9ஆம் திகதி காலை ஜப்பானிய விமானங்கள் நம் துறைமுகத்திலும் சீனன்குடாவிலும் குண்டு வீசியபோது அவருக்குப் பத்து வயது. விமான அபாயச் சங்கு ஊத, கையில் பிடித்த புட்டோடு பதுங்குகுழிக்குள் கிடந்தவர். முப்பத்தைந்து ஆண்டுகள் கழிந்தன. சித்தப்பாவுக்குக் கல்யாணம், ஆவணி மாதத்து அதிகாலை முகூர்த்தம். ஐயர் தாலியை எடுத்துக் கொடுத்துவிட்டார். நாதசுரக்காரர் சீவாளியை உதட்டில் வைத்துவிட்டார். அந்த நேரம் பார்த்துப் பெரியப்பா எழுந்து, "சங்கு ஊதுகிறது! எல்லோரும் படுங்கள்!" என்று கத்திக்கொண்டு பந்தி மேசைக்கு அடியில் பாய்ந்தார். கல்யாண வீட்டில், தாலி கட்டும் நேரத்தில், சங்கு! பாயாசக் கிடாரம் சரிந்தது. பெண்வீட்டு மாமி ஒருவரின் பட்டுச்சேலைக் கொசுவம் முழுக்கச் சவ்வரிசி. "ஆள் குடித்திருக்கிறார்" என்றார்கள். அரிஷ்டம் குடிக்கவே யோசிக்கிற மனிதர் அவர். அந்த மாமி இறக்கும்வரை எங்கள் வீட்டில் பாயாசம் மட்டும் வாங்கிக் குடிக்கவில்லை.

எல்லோரும் சிரித்தார்கள், தவில்காரரைத் தவிர. கூடு போட்ட விரல்கள் தோலுக்கு ஒரு சாண் மேலே அப்படியே நின்றதைப் பார்த்தவர்கள் இருக்கிறார்கள். அவர் யாழ்ப்பாணத்தவர், அந்த உலக யுத்தம் முடிந்து பல வருடங்களுக்குப் பின் பிறந்தவர். பந்தியில் எனக்குப் பக்கத்தில் இருந்து மெதுவாகக் கேட்டார்: "தம்பி, கிட்டடியில் ஆலை ஏதும் இருக்கிறதா? ஏறி இறங்கி, ஏறி இறங்கி ஊதியதே."

ஆலை இல்லை. எனக்கு ஒன்றும் கேட்கவும் இல்லை. ஏன் கேட்கவில்லை? நான் வாசலில், பூவரச மரத்தில் கட்டிய ஒலிபெருக்கிக்கு நேர் கீழே இருந்தேன்!

நான் எங்கே வருகிறேன் என்று என்னை அறிந்தவர்களுக்கு விளங்கியிருக்கும். ஆம், ஒலிபெருக்கிதான். விடிய நாலரைக்குத் தொடங்குகிறது. எந்தச் சமயத்தையும் தனித்துச் சொல்லவில்லை. கோயில், பள்ளிவாசல், விகாரை, தேவாலயம், அரசியல் கூட்டம், லொத்தர் டிக்கெட் எல்லாவற்றுக்கும் ஒரே தொண்டை. பாண் ஓட்டோவை மட்டும் மன்னிக்கிறேன். 1810இல் பீத்தோவன் எழுதிய மெட்டு நாள் தவறாமல் உவர்மலை ஏறி வந்து மாலுபாண் விற்கிறது. அதுவும் காலம் தப்பிய ஒலிதான். மணியோசை முன்னே வந்தாலும் நாம் கேட்கப்போவதில்லை, யானை மிதித்த பிறகுதான் திரும்பிப் பார்ப்போம்.

என் கோரிக்கை சிறியது. பூரணை இரவுகளில் எட்டு மணி முதல் ஒன்பது மணி வரை, நகரில் ஒரு ஒலிபெருக்கியும் வேண்டாம். மாதத்தில் ஒரு மணித்தியாலம். கடற்கரையில் போய் இருங்கள், பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு போங்கள். மணி கேட்டால் கேட்கட்டும், கேட்காவிட்டால் கடலாவது கேட்கும். இதற்காக ஆறு வருடமாகக் கையெழுத்து வாங்கித் திரிகிறேன். கொடுத்த கடிதங்களுக்கு எந்தக் கந்தோரும் இதுவரை ஒரு வரி பதில் போடவில்லை. நானும் ஒலிவாங்கியில்தான் பேசுகிறேன் என்று பின்வரிசையில் சிரிக்கிறார்கள். வேண்டாம் என்றுதான் சொன்னேன், விழாக் குழு நாலு கட்டியிருக்கிறது.

மூன்றாவது கேள்விக்கு வருவோம். கோட்டை வாசலில் இணைக்கயல் பொறித்த கல் ஒன்று இருக்கிறது. குளக்கோட்டன் என்ற மன்னன் முன்னே மூட்டிய திருப்பணியைப் பின்னே பறங்கி பிரிப்பான் என்ற பாட்டின் துண்டு அதில் கிடக்கிறது. முன்னே, பின்னே! பழமொழியின் அதே இரண்டு சொற்கள். பறங்கி பிரிப்பதற்கு முன்பே அதை வெட்டியிருந்தால், வெட்டியவன் காதில் என்ன சத்தம்...

தலைவர் மணியை அடித்துவிட்டார். சரி, அடுத்த ஆண்டு பார்ப்போம். கையெழுத்துக் கொப்பி வாசலில், செருப்புகளுக்குப் பக்கத்தில் இருக்கிறது. பேனை என்னுடையது, திருப்பி வைத்துவிடுங்கள். வணக்கம்.