வரப்பில்லா வயல்கள்

வணக்கம் நேயர்களே. 32 வருஷம் நில அளவைத் துறையில் சங்கிலி பிடித்தவனைக் கூப்பிட்டு, "இங்கிலாந்துக் கிராமம் ஒன்றைப் பற்றிப் பேசுங்கள்" என்று சொல்லியிருக்கிறார்கள். இங்கிலாந்துக் கிராமம் என்றதும் நமக்குக் காலண்டர் படம்தான் ஞாபகம் வரும். வைக்கோல் கூரை வீடு, வாசலில் ரோஜாக் கொடி, பக்கத்தில் சின்ன ஓடை, அதில் நாலு வாத்து. நான் சொல்லப்போகிற ஊரை அப்படிப் படம் பிடித்துக் காலண்டரில் போடமாட்டார்கள். சிவப்புச் செங்கல் வீடுகள், பழைய தேவாலயம், ஒரு பப், சுற்றிலும் கோதுமை. ஊரின் பெயர் லாக்ஸ்டன். நாட்டிங்காம்ஷயர் மாவட்டத்தில், நியூவார்க் நகரத்துக்கு வடமேற்கே இருக்கிறது.

மகளும் மாப்பிள்ளையும் நாட்டிங்காமில் இருக்கிறார்கள். கோடை விடுமுறைக்குப் போயிருந்தபோது, மாப்பிள்ளை கோட்டை பார்க்கலாம், அரண்மனை பார்க்கலாம் என்றார். நான் லாக்ஸ்டன் என்றேன். அவருக்கு அப்படி ஒரு ஊர் இருப்பதே தெரியாது. கார் ஓட்டிக்கொண்டு வந்துவிட்டார், பாவம். ஊருக்கு வெளியே பாதையில் நின்று, நான் குனிந்து குனிந்து தரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். "மாமா, என்ன தேடுறீங்க? ஏதாவது விழுந்துடுச்சா?" என்றார். "எல்லைக்கல்லைத் தேடறேன் மாப்பிள்ளை" என்றேன்.

எல்லைக்கல் ஒன்றும் கண்ணில் படவில்லை. வரப்பு இல்லை, வேலி இல்லை. கண்ணுக்கு எட்டின தூரம் ஒரே வயல். ஆனால் அந்த ஒரே வயலுக்குள் பல விவசாயிகளின் நிலம் நீள நீளமான பட்டைகளாகக் கிடக்கிறது. யாருக்கு எது என்பது அவர்களுக்குத் தெரியும். நம் ஊரில் அரை சென்ட் வரப்பு நகர்ந்ததற்கு மூன்று தலைமுறை கோர்ட்டுக்கு அலைந்த குடும்பங்களை எனக்குத் தெரியும். அந்தக் கண்ணோடு இதைப் பார்த்தால் எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

ஒரு காலத்தில் இங்கிலாந்தின் நடுப்பகுதி முழுக்க இப்படித்தான் விவசாயம் நடந்தது. ஊரைச் சுற்றி மூன்று பெரிய வயல். ஒன்றில் குளிர்காலத்துக்கு முன் விதைக்கிற கோதுமை. இன்னொன்றில் வசந்தத்தில் விதைக்கிற பார்லியோ பயறோ. மூன்றாவது தரிசு. அடுத்த வருஷம் அப்படியே ஒன்று தள்ளி மாறும். தரிசு வயலில் ஊர் ஆடு மாடெல்லாம் சேர்ந்து மேயும், அதுவே நிலத்துக்கு எரு. நம்மவர்கள் கிடை போடுவதில் என்ன கணக்கோ, அதே கணக்கு. லாக்ஸ்டனில் அந்த மூன்று வயல்களும் இன்னும் இருக்கின்றன: மேற்கு வயல், தெற்கு வயல், மில் வயல். மூன்றும் சேர்ந்து ஏறத்தாழ 480 ஏக்கர். தரிசில் இப்போது பெரும்பாலும் தீவனம் போடுகிறார்கள் என்றாலும், மூன்றாண்டுச் சுற்று மாறவில்லை.

ஒவ்வொருவர் நிலமும் ஏன் ஒரே இடத்தில் இல்லை? மேட்டில் ஒரு துண்டு, பள்ளத்தில் ஒரு துண்டு, தண்ணீர் நிற்கிற இடத்தில் ஒரு துண்டு என்று பிரிந்து கிடந்தால் நல்லதும் கெட்டதும் எல்லாருக்கும் பங்கு. தவிர, ஒரே வயலில் மட்டும் நிலம் வைத்திருப்பவன் தன் பங்கு தரிசாகக் கிடக்கும் வருஷம் எதைச் சாப்பிடுவான்?

பட்டைகள் ஏன் அவ்வளவு நீளம் என்பதற்குக் காரணம் மாடு. கனமான கலப்பை, அதை இழுக்க ஜோடி ஜோடியாகப் பூட்டிய எருதுகள். இந்தப் பெரிய கூட்டத்தைத் திருப்புவது லேசான வேலையில்லை. அதனால் ஒருமுறை சால் பிடித்தால் எவ்வளவு தூரம் போக முடியுமோ அவ்வளவு தூரம் போய்த்தான் திரும்புவார்கள். ஒரு சாலின் அந்த நீளத்துக்குப் பெயர் பர்லாங்கு. ஆமாம், நம் தாத்தாக்கள் "ரெண்டு பர்லாங்கு நடந்தா வந்துடும்" என்று வழி சொன்னார்களே, அதே பர்லாங்குதான். சால் என்பதற்கான ஆங்கிலச் சொல்லும் நீளம் என்பதற்கான சொல்லும் ஒட்டிப் பிறந்த வார்த்தை அது. 220 கஜம். அந்த நீளத்துக்கு 22 கஜ அகலம் எடுத்துக்கொண்டால் ஒரு ஏக்கர். ஒரு ஏர் ஒரு நாளில் உழுகிற நிலம் என்பதுதான் ஏக்கரின் பழைய பொருள்.

அந்த 22 கஜம் எங்களுக்கு ரொம்ப வேண்டப்பட்ட அளவு. எங்கள் அளவுச் சங்கிலியே அதுதானே! 1620 வாக்கில் எட்மண்ட் கன்டர் என்ற கணித அறிஞர், 22 கஜச் சங்கிலியை 100 கண்ணிகளாகப் பிரித்து வைத்தார். அதனால்தான் பத்துச் சதுரச் சங்கிலி ஒரு ஏக்கர் என்று கணக்கு சுளுவாக வருகிறது. ஏக்கரை நூறாகப் பிரித்தால் நம் சென்ட், 435.6 சதுர அடி. கிரிக்கெட் பிட்ச் எத்தனை கஜம் என்று வீட்டுப் பிள்ளைகளைக் கேளுங்கள், 22 என்று சொல்வார்கள். மாப்பிள்ளைக்கு இதைச் சொன்ன பிறகுதான் அவருக்கு அந்த வயலில் கொஞ்சம் சுவாரசியம் பிறந்தது.

1635-இல் மார்க் பியர்ஸ் என்ற நில அளவையாளர் இந்த ஊர் முழுவதையும் அளந்து வரைபடம் போட்டார். இப்போது அது ஆக்ஸ்ஃபோர்டில் போட்லியன் நூலகத்தில் இருக்கிறது. நான் பார்த்தது அதன் நகலைத்தான். ஆயிரக்கணக்கான பட்டைகள், ஒவ்வொன்றும் தனித்தனியாக. நடுநடுவே ஏர் ஓட்டுகிற ஆள், கதிர் அறுக்கிற கூட்டம், வேட்டைக்குப் போகிறவர்கள் என்று குட்டிக்குட்டிச் சித்திரங்கள். நாங்கள் புலப்படத்தில் ஒரு பனைமரத்தைக் குறித்தாலே பெரிய விஷயம். அந்த மனிதர் ரசித்துச் செய்திருக்கிறார்.

அந்தப் படத்தைப் போடச் சொன்னவர் யார் தெரியுமா? ஊரை விலைக்கு வாங்கிய லண்டன் வணிகர் சர் வில்லியம் கோர்ட்டன். அதே 1635-இல்தான் கிழக்கிந்தியக் கம்பெனிக்குப் போட்டியாக கோவா, மலபார், சீனா பக்கம் வணிகம் செய்ய முதலாம் சார்லஸ் மன்னர் இவர் கூட்டத்துக்கு அனுமதி கொடுத்தார். ஒரு கையில் மலபார் மிளகுக் கனவு, இன்னொரு கையில் லாக்ஸ்டன் களிமண். மறு வருஷமே கோர்ட்டன் இறந்துபோனார்.

அப்புறம் வந்தது வேலியடைப்புக் காலம். துண்டு துண்டாகக் கிடந்த நிலத்தைச் சேர்த்து, வேலி போட்டு, தனித்தனிப் பண்ணையாக்கினால் விளைச்சல் கூடும் என்றார்கள். அது பல இடங்களில் உண்மையும்கூட. ஆனால் ஊர்ப் பொது மேய்ச்சலை நம்பி ஒரே ஒரு பசு வைத்திருந்தவனுக்கு அந்த வேலி எமனாக வந்தது. 1604 முதல் 1914 வரை 5,200-க்கும் மேற்பட்ட வேலியடைப்பு மசோதாக்கள் பாராளுமன்றத்துக்கு வந்தன. 68 லட்சம் ஏக்கர், இங்கிலாந்தின் ஐந்தில் ஒரு பங்கு நிலம், அதற்குள் போய்விட்டது.

லாக்ஸ்டன் எப்படித் தப்பியது? ஊரின் ஞானத்தால் என்று சொல்ல ஆசைதான். நிஜக் காரணம் அவ்வளவு கம்பீரமானதில்லை. ஊரில் இரண்டு பெரிய மிராசுதார்கள். ஒருவர் மான்வர்ஸ் பிரபு, இன்னொருவர் ஸ்கார்பரோ பிரபு. இருவரும் ஒத்துப்போகவே இல்லை. நிலத்தை அளந்து, பரிமாறி, வேலி போடச் செலவும் அதிகம். இழுத்துக்கொண்டே போய்விட்டது. முழுக்கத் தப்பியது என்றும் சொல்ல முடியாது. கொஞ்சம் கொஞ்சமாக ஓரங்கள் வேலிக்குள் போயின. 1900-களின் தொடக்கத்தில் பட்டைகள் ஒன்றுசேர்க்கப்பட்டு அகலமாயின. மிச்சமிருந்ததை 1952-இல் மான்வர்ஸ் பிரபு விவசாய அமைச்சகத்துக்கு விற்றார். அது 1981-இல் அரச உடைமைகளை நிர்வகிக்கும் கிரவுன் எஸ்டேட்டுக்குப் போனது. 2020-இல் மறுபடி மான்வர்ஸ் வழிவந்த தோர்ஸ்பி எஸ்டேட்டுக்கே வந்து சேர்ந்தது. 68 வருஷம் சுற்றிவிட்டுப் பட்டா பழைய வீட்டுக்கே!

சரி, வரப்பு இல்லையே, தகராறு வராதா? வரும். அதற்குத்தான் கோர்ட் லீட் என்ற ஊர் மன்றம். நவம்பர் கடைசியில் ஒரு நாள், விவசாயிகளே உறுப்பினராக உள்ள ஜூரி, புதிதாகக் கோதுமை விதைத்த வயலுக்குப் போகும். டிராக்டர் பின்னால் டிரெய்லரில் ஏறிப் போவார்கள். யாராவது பாதைக்குள் கலப்பையை விட்டிருக்கிறானா, அடுத்தவன் பட்டையைத் தின்றிருக்கிறானா, வாய்க்காலைத் தூர்வாராமல் விட்டிருக்கிறானா என்று நடந்து பார்ப்பார்கள். எல்லை கலைந்த இடத்தில் முளை அடிப்பார்கள். அடுத்த வாரம் மன்றம் கூடி அபராதம் போடும். தொகை சில பவுண்டுதான். ஆனால் ஊரார் முன்னால் பெயரை வாசிப்பார்களே! அந்தச் சில பவுண்டைவிட அதுதான் சுடும்.

இதை வேடிக்கைச் சடங்கு என்று நினைத்துவிட வேண்டாம். இங்கிலாந்தில் இப்படிப்பட்ட பழைய மன்றங்களின் சட்ட அதிகாரத்தை 1977-இல் பாராளுமன்றம் ரத்து செய்தபோது, லாக்ஸ்டன் மன்றத்துக்குப் பெயர் சொல்லி விலக்குக் கொடுத்தது. எங்கள் அலுவலகத்தில் எல்லைத் தகராறு மனு ஒன்று மேசை மேசையாக ஏறி இறங்கும் வேகத்தைப் பார்த்தவன் நான். வருஷத்துக்கு ஒருமுறை எதிராளியோடு ஒரே டிரெய்லரில் ஏறிப் போய் அந்த இடத்திலேயே நின்று பார்ப்பது எனக்குக் கொஞ்சம் பொறாமையாகவே இருந்தது.

மன்றம் கூடுவது எங்கே என்று சொல்லவில்லையே. பப்பில்! ஊர் நடுவில் இருக்கிற டவ்கோட் இன். மாடப்புறாக் கூண்டு என்று பொருள். நம்மில் பலருக்குப் பப் என்றால் குடிக்கிற இடம். அங்கே கிராமத்துப் பப் என்பது பாதி சாவடி, பாதி சாப்பாட்டுக் கடை. குழந்தை குட்டியோடு வந்து உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். நான் ஆப்பிள் ஜூஸும் உருளைக்கிழங்கு வறுவலும் வாங்கிக்கொண்டு, நீதிபதி எந்த நாற்காலியில் உட்காருவார் என்று சுற்றிப் பார்த்துக்கொண்டிருந்தேன். பக்கத்திலேயே இந்த வயல் முறையை விளக்குகிற சின்னக் கண்காட்சியும் இருக்கிறது. முதலில் அதைப் பார்த்துவிட்டு வயலுக்குப் போவது நல்லது. நான் தலைகீழாகச் செய்தேன்.

தெருவில் நடந்தால் ஒன்று கவனிக்கலாம். பண்ணை வீடுகள் வயலுக்கு நடுவே தள்ளி இல்லை, ஊருக்குள்ளேயே தெருவோரமாக நெருங்கி நிற்கின்றன. பல வீடுகள் பக்கச் சுவரைத் தெருப்பக்கம் காட்டிக்கொண்டு நிற்கும். நிலம் நாலு திசையிலும் சிதறிக் கிடந்தால் வீட்டை நடுவில்தானே கட்டுவான்? மேய வந்து அடுத்தவன் பயிரில் வாய் வைத்த மாட்டை அடைக்கிற பட்டியும் உண்டு. நாம் பவுண்டு என்போமே, அதுதான். பழுது பார்த்து வைத்திருக்கிறார்கள். வயல்களுக்கு நடுவே உழ முடியாத ஈரப் பள்ளங்களைப் புல்லாகவே விட்டிருக்கிறார்கள். சைக் என்று பெயர், நம் மேய்ச்சல் புறம்போக்கு மாதிரி. கோடையில் அந்தப் புல்லை ஏலம் விடுவார்கள். பல நூறு வருஷம் கலப்பை படாததால் வேறெங்கும் அருகிப்போன காட்டுப்பூக்கள் அங்கே பூக்கின்றன. இப்போது சட்டப் பாதுகாப்பும் இருக்கிறது.

புனித மைக்கேல் தேவாலயத்துக்குள் எவரிங்காம் குடும்பத்தாரின் கல் உருவங்கள் படுத்திருக்கின்றன. அவற்றில் ஒரு பெண்ணின் உருவம் மட்டும் ஓக் மரத்தில் செதுக்கியது. இந்தக் குடும்பம் ஷெர்வுட் வனத்துக்குப் பரம்பரைக் காவல் அதிகாரிகள். ராபின் ஹூட் கதையில் வருகிற அதே ஷெர்வுட். ஊருக்கு வடக்கே நார்மன்கள் எழுப்பிய கோட்டையின் மண்மேடு இருக்கிறது. மேலே ஏறினேன். ஆடு மேய்ந்துகொண்டிருந்தது, அவ்வளவுதான். முழங்கால் வலிதான் மிச்சம்.

இதே லாக்ஸ்டனில், யூத இனப் படுகொலையை நினைவுகூரும் தேசிய மையம் ஒன்றும் இருக்கிறது. யூதர்களல்லாத ஸ்மித் குடும்பத்தார் 1995-இல் தொடங்கியது. தோட்டத்தில் வெள்ளை ரோஜாக்கள், இறந்தவர்களின் பெயரைத் தாங்கி. அங்கே மாப்பிள்ளை ரொம்ப நேரம் நின்றார். நானும் சங்கிலிக் கதையை நிறுத்திக்கொண்டேன்.

போக விரும்புகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. கார் இல்லாமல் போவது சிரமம். பொதுப்பாதைகள் வழியாக வயலுக்குள் நடக்கலாம், பயிரில் மட்டும் கால் வைக்காதீர்கள். பூட்ஸ் போட்டுக்கொண்டு போங்கள். முந்தின நாள் மழை பெய்திருந்தால் அந்தச் சிவப்புக் களிமண், நம் கரிசல் மாதிரியே, செருப்பைப் பிடுங்கி வைத்துக்கொள்ளும். என்னுடையதில் ஒன்று தெற்கு வயலில்தான் வார் அறுந்தது. வணக்கம்.