வங்கதேசத்தை நிமித்துனது பொண்ணுங்க உழைப்புதாங்க

நடுவர் அய்யாவுக்கும், எனக்கு முன்னாடி பேசின எதிரணி அண்ணனுக்கும், பனியன் கம்பெனில ஷிப்ட் முடிச்சு வீட்டுக்குக்கூட போகாம நேரா இங்க வந்து உக்காந்திருக்கற அக்கா தங்கச்சிங்களுக்கும் வணக்கமுங்க. தலைப்பு உங்களுக்கே தெரியும், வங்கதேச வளர்ச்சிக்குப் பெரிதும் காரணம் அரசோட திட்டங்களா, பெண்களோட உழைப்பா. நான் உழைப்புப் பக்கம். அதுவும் திருப்பூர்ல நின்னு இந்தப் பக்கம் பேசறது எனக்குப் பெருமைங்க.

அண்ணன் நல்லாவே பேசினாரு. 1979ல நூருல் காதர்னு ஒருத்தர் தேஷ் கார்மெண்ட்ஸ் கம்பெனிக்காக தென்கொரியா டேவூகூட ஒப்பந்தம் போட்டு 130 பேரை பூசானுக்கு அனுப்பித் தொழில் கத்துக்க வச்சாரு, அவங்கள்ல பெரும்பாலானவங்க அப்புறம் வெளிய வந்து வேற கம்பெனிகளுக்குப் போயி, சொந்தமா போட்டு, அப்படியே தொழில் பரவுச்சு, ஏற்றுமதிக்குத் தைக்கற துணிய வரி கட்டாம எறக்கி வைக்கற பாண்டட் வேர்ஹவுஸ் அரசாங்கம் கொடுத்துச்சு, பையரோட பேங்க் தர்ற எல்சிங்கற பண உத்தரவாதத்தை வச்சு துணி வாங்க இன்னொரு எல்சி எடுக்கற பேக் டு பேக் எல்சி கொடுத்துச்சு, கைக்காசு இல்லாதவருகூட பையரோட எல்சியக் காட்டி துணி எறக்க முடிஞ்சுது, 2001ல இருந்து ஐரோப்பாவுக்கு வரியில்லாம சரக்கு போகுதுன்னு அடுக்குனாரு. அத்தனையும் உண்மைங்க, நான் ஒண்ணையும் மறுக்கல.

ஆனா அண்ணா, அந்த வரிச்சலுகை ஐரோப்பாக்காரங்க போட்ட சட்டம், டாக்காவுல இருக்கற வங்கதேச அரசு போட்டதில்ல. பின்தங்கின நாடுகள் எல்லாத்துக்கும்தான் கொடுத்தாங்க, நேபாளத்துக்கும் சேத்துத்தான். அங்கயும் ரெடிமேட் தொழில் இருந்துச்சு, எந்த நாடு எவ்வளவு துணி அனுப்பலாம்னு அளவு வச்சிருந்த கோட்டா 2005ல முடிஞ்சதும் படுத்துருச்சு. நேபாளத்துக்குத் துறைமுகம் இல்லன்னு சொல்லுவீங்க, அது நியாயம்தான். ஆனா அதே 2005ல வங்கதேசமும் அவ்வளவுதான், சைனா முழுங்கிரும்னு எத்தனையோ பேர் எழுதினாங்களே, ஏன் முழுங்கல? அந்த ரேட்டுக்கு, அந்த எண்ணிக்கைல தைச்சுக் கொடுக்க வேற ஆளில்ல. இன்னைக்கு அந்த நாட்டு ஏற்றுமதில 80 சதவீதத்துக்கு மேல துணிதான், வருஷத்துக்கு 3,500 கோடி டாலருக்கு மேல.

அந்த ரேட்டைப் பத்தி உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதே இல்ல. பையர் வந்து உக்காந்தா முதல்ல என்ன கேக்கறாரு, பங்களாதேஷ்ல இந்த விலைக்குக் கெடைக்குது, நீங்க ஏன் இவ்வளவு சொல்றீங்கன்னுதானே. சரி, அங்க அந்த விலைக்கு எப்படிக் கட்டுபடியாகுது? நூலு அங்க சும்மா கெடைக்குதா, பஞ்சு வெளிநாட்டுல இருந்துதான் வருது. கப்பல் வாடகை கம்மியா? இல்ல. விலை எறங்கின இடம் ஒண்ணே ஒண்ணுதான், மெஷினுக்கு முன்னாடி உக்காந்திருக்கற பொண்ணோட சம்பளம்.

இந்தக் கணக்கை மட்டும் கொஞ்சம் பொறுமையா கேளுங்க. 1994ல அந்தத் தொழிலுக்குக் குறைந்தபட்ச சம்பளம் மாசம் 930 டாக்கா, அது அந்த நாட்டுப் பணத்தோட பேரு. அடுத்து எப்ப மாத்தினாங்க தெரியுமா? 2006ல. பன்னெண்டு வருஷம்! அரிசி விலை ஏறுச்சு, வீட்டு வாடகை ஏறுச்சு, 930 மட்டும் அங்கயே நின்னுச்சு. 2006ல 1,662 டாக்கா 50 பைசா, 2010ல 3,000, 2013ல 5,300, 2018ல 8,000, 2023ல 12,500. அந்தக் கடைசித் தடவை சங்கங்கள் கேட்டது 23,000. இதுல ஒவ்வொரு தடவையும் பொண்ணுங்க ரோட்டுக்கு வந்த பிறகுதான் எண்ணு மாறியிருக்கு, 2013ல மட்டும் ஆயிரம் பேருக்கு மேல சாக வேண்டியிருந்துச்சு, அதுக்கு வர்றேன்.

அப்ப அரசாங்கம் என்னதான் பண்ணுச்சு? 2010ல சம்பளப் போராட்டம் வெடிச்சப்ப இண்டஸ்ட்ரியல் போலீஸ்னு தனியா ஒரு போலீஸ் படையே ஆரம்பிச்சுது. 2023ல 23,000 கேட்டவங்க மேல துப்பாக்கிச் சூடு நடந்துச்சு, டாக்கா பக்கத்துல காஜிப்பூர்ல செத்தவங்கள்ல ஒரு பொண்ணும் உண்டு. ஏன்னா சட்டம் போடற பார்லிமெண்ட்ல முதலாளிங்களே நெறைய பேர், அவங்கள்ல கார்மெண்ட்ஸ் வச்சிருக்கறவங்களும் இருந்தாங்க, எந்தக் கட்சி வந்தாலும் எலெக்சனுக்குப் பணம் அங்கிருந்துதான் வரணும், டாலரும் அங்கிருந்துதான் வரணும், அதனால சம்பளம் ஏறாம பாத்துக்கறதுதான் அந்த நாட்டுல ஆட்சிக்கும் முதலாளிக்கும் நடுவுல எழுதாத ஒப்பந்தம். அண்ணன் சொன்ன பாண்டட் வேர்ஹவுஸ், எல்சி எல்லாம் அந்த ஒப்பந்தத்துல முதலாளிக்குக் கெடைச்ச பங்கு. பொண்ணுக்கு என்ன கெடைச்சுது?

2013 ஏப்ரல் 23, டாக்கா பக்கத்துல சாவர்ல ராணா பிளாசாங்கற கட்டடம். எட்டு மாடி, மேல் மாடிங்க அனுமதியில்லாம கட்டினது, அதுல அஞ்சு கார்மெண்ட்ஸ் கம்பெனி. அன்னைக்குச் சுவத்துல விரிசல் விட்டுருச்சு, எல்லாரையும் வெளிய அனுப்பிட்டாங்க. கீழ் தளங்கள்ல ஒரு பேங்க் இருந்துச்சு, கடைங்க இருந்துச்சு, மறுநாள் பேங்க் தொறக்கல, கடையும் தொறக்கல. கார்மெண்ட்ஸ் மட்டும் தொறந்துச்சு. உள்ள போக பயந்து வாசல்ல நின்ன பொண்ணுங்ககிட்ட, வரலைன்னா சம்பளம் கெடைக்காதுன்னு சொல்லி உள்ள அனுப்பினாங்க, மாசக் கடைசி பாருங்க. ஒம்போது மணி வாக்குல கரண்ட் போச்சு, மேல வச்சிருந்த ஜெனரேட்டரைப் போட்டாங்க, கட்டடம் ஆடி உக்காந்துருச்சு. 1,134 உயிருங்க. அதே விரிசலைப் பாத்துட்டு பேங்க்ல வேலை செஞ்சவங்க வீட்டுல இருக்க முடிஞ்சுது, இந்தப் பொண்ணுங்களால முடியல, அங்க அவங்களுக்காகப் பேச ஒரு சங்கம் இல்ல. கட்டடத்துக்கு அனுமதி கொடுத்ததும் அரசு, மேல மாடி ஏறுனதைத் தடுக்காம விட்டதும் அரசு. இந்த அரசுக்கா வளர்ச்சிக்கான மாலையப் போடச் சொல்றீங்க?

சரி, தொழிலை விடுங்க, உடம்புக்கு வருவோம். 1974ல பஞ்சத்துல கெடந்த நாடு, அங்க இன்னைக்கு மனுசங்க சராசரியா 70 வயசு தாண்டி வாழறாங்கன்னு அண்ணன் பெருமையா சொன்னாரு, அது எப்படி நடந்துச்சுன்னு மட்டும் சொல்லல. வயித்துப்போக்குல புள்ளைங்க செத்துட்டிருந்த காலத்துல, ஃபஸ்லே ஹசன் அபேத் ஆரம்பிச்ச பிராக்ங்கற தொண்டு நிறுவனம் 1980ல இருந்து வீடு வீடா பொண்ணுங்களை அனுப்புச்சு. மூணு விரல்ல எடுத்த ஒரு சிட்டிகை உப்பு, ஒரு கைப்பிடி வெல்லம், அரை சேர், அதாவது கிட்டத்தட்ட அரை லிட்டர் தண்ணி. அவ்வளவுதான் மருந்து. வாயால சொல்லிக்கொடுத்தா பத்தாது, அந்த வீட்டம்மா தன் கையாலேயே கலக்கிக் காட்டணும். கொஞ்ச நாள் கழிச்சு இன்னொருத்தர் வந்து சில வீடுகள்ல கேட்டுப் பாப்பாங்க, அந்தம்மாவுக்கு எவ்வளவு ஞாபகம் இருக்கோ அதை வச்சுத்தான் சொல்லிக்கொடுத்த பொண்ணுக்குச் சம்பளம்! பத்து வருஷத்துல 1 கோடியே 20 லட்சம் வீடுங்க. சேறும் ஆறுமா கெடக்கற ஊர்ல நடந்தே போயிருக்காங்க, கேட்டா கண்ணுல தண்ணி வருதுங்க.

குடும்பக் கட்டுப்பாடு அரசாங்கத் திட்டம்தானேம்பாரு அண்ணன். ஆமாங்க. ஆனா பொண்ணுங்க வாசப்படி தாண்டாத காலத்துல, அதே ஊர்ப் பொண்ணு ஒருத்தி மாத்திரையப் பையில போட்டுட்டு, கண்டவங்க ஏச்சையும் வாங்கிட்டு, வீடு வீடா ஏறி எறங்குனதாலதான் ஆறுக்கு மேல இருந்த குழந்தை எண்ணிக்கை ரெண்டுக்குப் பக்கத்துல வந்துச்சு. டாக்காவுல கையெழுத்துப் போட்ட ஃபைலு தானா நடந்து போகல.

1994ல நாடு முழுக்கக் கொண்டு வந்த பொண்ணுங்க படிப்பு உதவித்தொகை இருக்கே, அது நல்ல திட்டம், அதுக்கு நானும் கை தட்டுவேன். ஆனா இதை ஆராய்ச்சி பண்ணினவங்க என்ன சொல்றாங்க, கார்மெண்ட்ஸ் பக்கத்துல இருக்கற ஊருங்கள்ல பொண்ணுங்க கூடுதலா படிச்சிருக்காங்க, கல்யாணம் தள்ளிப் போயிருக்கு, உதவித்தொகையை விட அந்த வேலைதான் பெருசா இழுத்திருக்குங்கறாங்க. எண்ணத் தெரிஞ்சா வேலை, வேலை இருந்தா சம்பளம், சம்பளம் வந்தா புள்ளைய பதினாலு வயசுல கட்டிக் கொடுக்க வேண்டியதில்ல. அக்கா வேலைக்குப் போறதைப் பாத்து தங்கச்சியப் பள்ளிக்கூடத்துல வச்சிருக்காங்க.

பத்மா பாலத்தைப் பத்தி ஒரு வார்த்தை. உலக வங்கி வெலகின பிறகு சொந்தக் காசுல 6.15 கிலோமீட்டர் கட்டினாங்க, 2022ல தொறந்தாங்க, நல்ல விஷயம். அதுக்கு வேண்டிய டாலர் எங்கிருந்து வந்துச்சு? துணி தைச்ச டாலரும், வளைகுடாவுல வேர்வை சிந்தின அண்ணன் தம்பிங்க அனுப்புன டாலரும்தான்.

கொரோனாவுல பையருங்க ஆர்டரை கேன்சல் பண்ணினப்ப, 2020 ஏப்ரல்ல ஃபேக்டரி தொறக்குதுன்னு கேள்விப்பட்டு பஸ்ஸும் இல்லாம மைமன்சிங்ல இருந்து டாக்கா பக்கம் ஆயிரக்கணக்குல நடந்தே வந்தாங்க. வந்து சேந்த பிறகு, இல்ல மூடியாச்சு திரும்பிப் போங்கன்னுட்டாங்க. அந்த வெயில்ல கொழந்தையத் தூக்கிட்டு நடந்தவங்களுக்கு எந்தத் திட்டம் குடை புடிச்சுது?

அரசாங்கம் இல்லாம தொழில் நடக்குமான்னு அண்ணன் கடைசியா ஒரு கேள்வி போட்டாரு. நடந்துச்சுங்க. 2024 ஆகஸ்ட் 5, ஷேக் ஹசீனா நாட்டை விட்டே போயிட்டாங்க. பிரதமர் இல்ல, மந்திரி இல்ல, ஸ்டேசன்ல போலீசும் இல்ல. முகமது யூனுஸ் தலைமைல இடைக்கால அரசு பதவி ஏத்தது 8ஆம் தேதி ராத்திரி. கார்மெண்ட்ஸ் ஃபேக்டரிங்க தொறந்தது 7ஆம் தேதி. அன்னைக்கு அந்த மெஷின்ல போயி உக்காந்தவங்களை நெனைச்சுப் பாத்துட்டு நீங்களே தீர்ப்பு சொல்லுங்க அய்யா.