ஒரே ஆள், எல்லா வேலையும்

வணக்கம். கும்பகோணம் பக்கத்தில் கல்யாண வீடியோவில் தொடங்கி ஆவணப்படத்துக்கு வந்தவன் நான். கேமரா, ஒலிப்பதிவு, எடிட்டிங், பின்னணிக் குரல் எல்லாம் ஒரே ஆள்தான். காசில்லாதது மட்டும் காரணமில்லை. நரசிங்கம்பேட்டையில் ஆச்சா மரத்தில் நாகசுரம் கடைகிறவரின் பட்டறைக்குள் நாலு பேராக நுழைந்தால், அவர் கைவேலையை விட்டுவிட்டு நம்மைத்தான் பார்ப்பார்.

இப்படித் தனியாளாகக் கிளம்பியவர்களில் நான் அடிக்கடி நினைப்பது ஏ.கே. செட்டியாரை. பயண நூல்கள் எழுதினார், ‘குமரி மலர்’ பத்திரிகை நடத்தினார். அதற்கு முன்பே டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் போட்டோக் கலையை முறையாகப் படித்தவர். 1937-ல் அமெரிக்காவிலிருந்து அயர்லாந்துக்குக் கப்பலில் போகும்போது, காந்தியைப் பற்றிப் படம் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் வந்தது. அப்போது முப்பது வயதுகூட ஆகவில்லை. அப்புறம் ஏறக்குறைய ஒரு லட்சம் மைல் அலைந்து, எங்கெங்கோ யார் யாரோ எடுத்து வைத்திருந்த துண்டுகளை எல்லாம் தேடி, 50,000 அடி பிலிம் சேர்த்தார். 1940-ல் படம் வெளிவந்தது. பல வேலை பார்க்கிறவன் எதையும் அரைகுறையாகத்தான் செய்வான் என்று சொல்பவர்களுக்கு நான் காட்டுவது அவரைத்தான்.

சரி, அந்த அரைகுறை எங்கே நடக்கிறது? சத்தத்தில். கேமராவுக்குக் கடன் வாங்குகிற பையன்கள் மைக்குக்கு யோசிக்கிறார்கள். உங்கள் வீட்டுக் கல்யாண வீடியோவையே போட்டுப் பாருங்கள். தாலி கட்டுகிற நேரம், தவில்காரர் உயிரைக் கொடுத்து கெட்டிமேளம் வாசித்திருப்பார். அதை அழித்துவிட்டு ஒரு சினிமாப் பாட்டை ஒட்டியிருப்பார்கள். அந்த நிமிடத்தில் அத்தை அழுத சத்தம், அட்சதைக்கு ஆள் ஆளுக்குக் கூப்பிட்ட சத்தம், எதுவும் மிஞ்சாது. அதை இனி யார் திரும்ப எடுக்க முடியும்? தஞ்சாவூர் ஜில்லாவில் பிறந்துவிட்டு நாகசுரத்தை அழிக்கலாமா?

பேட்டி எடுக்கும் முன் மின்விசிறியை நிறுத்தச் சொல்லுங்கள். பேசி முடித்ததும் எல்லாரையும் சும்மா இருக்கச் சொல்லி, அந்த இடத்தின் சத்தத்தை மட்டும் ஒரு நிமிடம் பதிவு செய்யுங்கள். எடிட்டிங்கில் ஒரு வாக்கியத்தை வெட்டினால் அந்த இடம் குழி விழுந்தது மாதிரி ஆகிவிடும். நிரப்ப இந்தச் சத்தம்தான் வேண்டும். வாய்க்காலில் புதுத் தண்ணீர் வரும்போது காய்ந்த மண் குடிக்கிற சத்தம் இருக்கிறதே, பக்கத்தில் மோட்டார் ஓடினால் அது கிடைக்காது. ஓடி முடியும்வரை காத்திருங்கள். திரும்பவும் சொல்கிறேன், காத்திருங்கள்.

எடிட்டிங் பற்றியும் பணம் திரட்டுவது பற்றியும் எழுதி வந்திருந்தேன், நேரம் நெருங்கிவிட்டது. ஒன்று மட்டும். திரைப்பட விழாக்களுக்கு அனுப்பும் முன், யாரைப் படம் எடுத்தீர்களோ அவர்கள் தெருவில் ஒரு வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டி, படத்தைப் போட்டுக் காட்டுங்கள். அவர்கள் சொல்கிற திருத்தத்தைச் செய்துவிட்டு அனுப்புங்கள். வணக்கம்.