வீடா, ரயிலா?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

‘சென்னைப் புறநகர்ப் பிள்ளைகளை ஆளாக்குவது வீடா, ரயிலா?’ என்பது தலைப்பு. எதிரணித் தோழர் வீட்டுக்காக உருகினார். நாலரை மணிக்கே எழுந்து டிபன் பாக்ஸ் கட்டும் அம்மாவைச் சொன்னார். நான் மறுக்கவில்லை. அந்த அம்மா ஏன் நாலரைக்கு எழுகிறார்? ஐந்தே முக்கால் வண்டிக்காக!

கடற்கரைக்கும் தாம்பரத்துக்கும் இடையே 1931-இல் மின்சார ரயில் ஓடத் தொடங்கியது. நங்கநல்லூரும் குரோம்பேட்டையும் அந்தத் தண்டவாளத்தை நம்பி வளர்ந்த ஊர்கள். கூடுவாஞ்சேரியில் மனை பார்க்கப் போன என் அப்பா தண்ணீரைப் பற்றிக் கூட அப்புறம்தான் விசாரித்தார். ‘ஸ்டேஷன் எவ்வளவு தூரம்?’ என்பதே முதல் கேள்வி.

எனக்குப் பதினேழு வயது. சீசன் டிக்கெட் முந்தின நாளோடு முடிந்திருந்ததைக் கவனிக்காமல் மாம்பலத்தில் பரிசோதகரிடம் மாட்டிக்கொண்டேன். அபராதம் 250 ரூபாய், டிக்கெட் கட்டணம் தனி. கையில் நாற்பது ரூபாய். மகளிர் பெட்டியில் தினமும் எதிரே உட்கார்ந்து பூக்கட்டிக்கொண்டு வரும் ஓர் அம்மாள், அதுவரை ஒரு வார்த்தை பேசியதில்லை, சுருக்குப் பையை அவிழ்த்துப் பணத்தைக் கட்டிவிட்டு நடந்துவிட்டார். டியூஷன் சொல்லிக்கொடுத்துச் சேர்த்த பணத்தோடு நான்கு நாட்கள் பெட்டி பெட்டியாகத் தேடினேன். கண்டுபிடித்துக் கொடுத்தபோது நாரை விரலிலிருந்து கழற்றிவிட்டு, ஒவ்வொரு நோட்டாக எண்ணி வாங்கிக்கொண்டார்.

அந்த எண்ணல்தான் நடுவர் அவர்களே! என் அப்பாவாக இருந்தால் ‘நீயே வைத்துக்கொள்’ என்றிருப்பார். நானும் குழந்தையாகவே இருந்திருப்பேன்.

படியில் தொங்கும் பையன்களைக் காட்டி, இதுதான் பக்குவமா என்று கேட்டார்கள். இல்லை, அது அசட்டுத்தனம். 2025-இல் வந்த ஏசி ரயிலில் கதவு தானாக மூடிக்கொள்கிறது. கட்டணத்தைப் பார்த்தால் மாணவர்களின் வாயும் மூடிக்கொள்கிறது. ஆனால் அப்படித் தொங்குகிறவனை அதட்டி உள்ளே இழுப்பவர் யார்? அவனுடைய பெரியப்பாவா? பெயர் தெரியாத சக பயணிதானே!

மணியில் கை வைக்கிறீர்கள், புரிகிறது. எனக்கும் கூடுவாஞ்சேரி வண்டிக்கு நேரமாகிறது. தீர்ப்பை நாளைக் காலை மகளிர் பெட்டியில் கேட்டுக்கொள்கிறேன். வணக்கம்.