வஹீத் ஹாமிதைத் தணிக்கை விட்டுவைத்ததா? - நேயர் கேள்விக்கு விளக்கம்

எகிப்தியத் திரைக்கதை ஆசிரியர் வஹீத் ஹாமிதைப் பற்றி நான் பேசியதைக் கேட்டுவிட்டு ஒரு நேயர் எழுதியிருக்கிறார்: “அதிகாரத்தை இவ்வளவு கடுமையாகத் தாக்கியவர் எப்படி நாற்பது ஆண்டுகளுக்கு மேல் எழுதினார்? தணிக்கை அவரை விட்டுவைத்ததா?” நல்ல கேள்வி. தூங்கவிடாமல் செய்த கேள்வி.

விட்டுவைக்கவில்லை. அவர் எழுதி 1986-இல் வந்த ‘அல் பரீ’ (அப்பாவி) படத்தைப் பாருங்கள். எழுதப் படிக்கத் தெரியாத கிராமத்து இளைஞன், அஹ்மத் ஸகி நடித்தது, கட்டாய ராணுவச் சேவையில் பாலைவனச் சிறைக்குக் காவலனாகப் போகிறான். உள்ளே இருப்பவர்கள் தேசத்தின் எதிரிகள் என்கிறார்கள், நம்பி அடிக்கிறான். ஒருநாள் கைதிகளோடு அவனுடைய ஊர் நண்பன் வந்து இறங்குகிறான். படித்தவன், நல்லவன். இவன் எப்படி எதிரியாவான்? கடைசியில் அந்தக் காவலன் கோபுரத்தில் ஏறி அதிகாரிகளைச் சுடுகிறான். அந்த முடிவை வெட்டிவிட்டார்கள். அமைச்சர்களே உட்கார்ந்து பார்த்த படம் அது! முழு வடிவம் 2005-இல்தான் ஒரு விழாவில் திரையேறியது.

ஆனால் நேயரே, “மக்கள் ஏன் அவரோடு இருந்தார்கள்?” என்று நீங்கள் கேட்டிருந்தால் இன்னும் மகிழ்ந்திருப்பேன். இங்கே வழக்கமாக வருகிறவர்களுக்கு என் பதில் தெரியும்: பாத்திரத்துக்கு முதலில் ஒரு சின்னத் தேவை வேண்டும். கொள்கை பிறகு வரட்டும்.

அவர் எழுதி 1992-இல் வந்த ‘அல் இர்ஹாப் வல் கபாப்’ (பயங்கரவாதமும் கபாபும்) படத்தில் நாயகனாக வரும் ஆதில் இமாமுக்கு என்ன வேண்டும்? பிள்ளைகளுக்குப் பள்ளி மாற்றம். அவ்வளவுதான். அதற்காகக் கெய்ரோவின் தஹ்ரீர் சதுக்கத்தில் அப்போது அரசு அலுவலகமாக இருந்த முகம்மா என்ற பிரம்மாண்டமான கட்டிடத்துக்கு நடையாய் நடக்கிறார். கையெழுத்துப் போட வேண்டிய ஊழியரோ எப்போது போனாலும் தொழுகையில் இருக்கிறார். கைகலப்பாகிறது, காவலரின் துப்பாக்கி இவர் கைக்கு வந்துவிடுகிறது, கட்டிடமே பணயமாகிறது. உள்துறை அமைச்சர் பேச்சுவார்த்தைக்கு வந்து கோரிக்கை என்னவென்று கேட்டால், எல்லோருக்கும் பசி. கபாப் வேண்டும் என்கிறார்கள்! ஆட்சியைக் கவிழ்க்க வந்தவராக அவரை எழுதியிருந்தால் பாதி அரங்கம் விலகி உட்கார்ந்திருக்கும். பள்ளி மாற்றத்துக்கு அலைந்தவர் என்பதால் ஒருவரும் விலகவில்லை.

மக்கள் பேச்சைக் கேட்கும் இந்தக் காது வஹீத் ஹாமிதுக்கு எங்கிருந்து வந்தது? 1944-இல் ஷர்கியா மாகாணத்தில் பிறந்தவர், ஐன் ஷம்ஸ் பல்கலைக்கழகத்தில் சமூகவியல் படித்தவர். சிறுகதை எழுதிக்கொண்டிருந்தவரை நாடகத்தின் பக்கம் திருப்பியவர் எழுத்தாளர் யூசுஃப் இத்ரீஸ். பிறகு வானொலி, தொலைக்காட்சி, சினிமா. நைல் கரையில் ஒரு ஹோட்டல் காபிக் கடையில், நாலு பேர் நடமாடும் இடத்தில் உட்கார்ந்துதான் எழுதுவார். அவர் திரைக்கதை எழுதி, மகன் மர்வான் இயக்கிய ‘யாகூபியன் கட்டிடம்’ படம் 2006-இல் வந்தது. 2020 டிசம்பரில் கெய்ரோ திரைப்பட விழா வாழ்நாள் சாதனை விருது தந்தது. 2021 ஜனவரி 2-ஆம் தேதி காலமானார்.

கபாப் படத்தின் முடிவைத் தணிக்கைக் கேள்வியோடு சேர்த்துப் பாருங்கள். பணயக் கைதிகள் தங்களோடு அவரையும் கூட்டிக்கொண்டு வெளியே வருகிறார்கள், ஒருவரும் காட்டிக்கொடுக்கவில்லை. படையினர் உள்ளே பாய்ந்து தேடுகிறார்கள், பிடிக்க ஆளில்லை. இதில் எந்தக் காட்சியை வெட்டுவது?