வரிகள் இல்லாத தேசிய கீதம்: ஃபிராங்கோ ஸ்பெயினுக்கு விட்டுப்போன சங்கடம்

[திரையில்: பெர்லின் ஒலிம்பிக் மைதானம், இரவு. இரண்டு அணிகளும் வரிசையாக நிற்கின்றன.]

2024 ஜூலை 14. பெர்லினில் யூரோ கோப்பை இறுதி ஆட்டம். ஒரு பக்கம் ஸ்பெயின், மறுபக்கம் இங்கிலாந்து. ஆட்டத்துக்கு முன்பு தேசிய கீதம். இங்கிலாந்து வீரர்கள் வாய்விட்டுப் பாடுகிறார்கள். ஸ்பெயினின் கீதம் ஒலிக்கும்போது மட்டும் கொஞ்சம் கவனித்துப் பாருங்கள். இசை முழங்குகிறது, வீரர்கள் வாயை மூடிக்கொண்டு நிற்கிறார்கள். ரசிகர்கள் "லோ லோ லோ" என்று மெட்டை மட்டும் இழுக்கிறார்கள்.

பாட மனமில்லாமல் இல்லை. பாடுவதற்கு வரிகளே கிடையாது. ஸ்பெயினின் தேசிய கீதம் வெறும் இசைதான்.

சரி, யாரையாவது விட்டு நாலு வரி எழுதச் சொல்ல வேண்டியதுதானே? அதையும் செய்து பார்த்தார்கள். ஸ்பெயின் ஒலிம்பிக் கமிட்டி ஒரு போட்டி வைத்தது. 2008 ஜனவரியில் வெற்றி பெற்ற வரிகள் வெளியே வந்தன. பாடகர் பிளாசிடோ டொமிங்கோ பாடுவதாக ஏற்பாடு. ஆனால் சில நாட்களிலேயே எல்லாவற்றையும் திரும்பப் பெற்றுக்கொண்டார்கள். அந்தப் பாட்டின் முதல் இரண்டு சொற்களே பலருக்கு உறுத்தின: "விவா எஸ்பான்யா". ஸ்பெயின் வாழ்க.

தன் நாட்டை வாழ்க என்று சொல்வதில் என்ன உறுத்தல்? அதைப் புரிந்துகொள்ள, அந்த இரண்டு சொற்களை ஏறக்குறைய 40 வருடம் தன் சொந்தச் சொத்தாக வைத்திருந்த ஒரு மனிதரிடம் போக வேண்டும்.

[திரையில்: ஃபிராங்கோ, ராணுவ உடையில். பழைய கறுப்பு வெள்ளைக் காட்சி.]

பிரான்சிஸ்கோ ஃபிராங்கோ. 1892இல் கலீசியாவில் ஃபெர்ரோல் என்ற துறைமுக ஊரில் பிறந்தவர். இந்தக் கலீசியாவை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். அங்கே பேசும் கலீசிய மொழி போர்த்துகீசியத்துக்குச் சொந்தக்காரி. நாம் 'ஸ்பானிஷ்' என்று சொல்வது உண்மையில் நடு ஸ்பெயினின் காஸ்டிலியன் மொழி. கிழக்கே கேட்டலான், வடக்கே எந்த ஐரோப்பிய மொழியோடும் உறவு சொல்ல முடியாத பாஸ்க். ஒரே நாட்டுக்குள் இத்தனை மொழிகள்.

1931இல் மன்னர் வெளியேறி, ஸ்பெயின் குடியரசானது. அடுத்த வருடமே கேட்டலான் பேசும் கேட்டலோனியாவுக்குச் சுயாட்சி கிடைத்தது. 1936 ஜூலையில் தளபதிகள் சிலர் குடியரசுக்கு எதிராகக் கிளம்பினார்கள். நாட்டைச் சிவப்புக்காரர்களும் பிரிவினைவாதிகளும் துண்டு போடுகிறார்கள், அதைக் காப்பாற்ற வந்திருக்கிறோம் என்பதுதான் அவர்கள் சொன்ன காரணம். மூன்று வருட உள்நாட்டுப் போர். 1939 ஏப்ரல் 1 அன்று ஃபிராங்கோ வெற்றியை அறிவித்தார். போர் முடிந்த பிறகும் பல்லாயிரம் பேரைச் சுட்டுக் கொன்றார்கள். பிரான்சுக்குத் தப்பிப் போயிருந்த கேட்டலோனியத் தலைவர் லூயிஸ் கொம்பானிஸை நாஜிகள் பிடித்து ஒப்படைக்க, 1940 அக்டோபரில் பார்சிலோனாவின் மொன்ட்ஜுயிக் கோட்டையில் அவருக்கும் அதே முடிவு.

போரைப் பற்றி இதற்கு மேல் போகப் போவதில்லை, அது தனி வீடியோ. நமக்கு வேண்டியது ஃபிராங்கோ உருவாக்கிய 'ஸ்பெயின்' என்ற கற்பனை.

[திரையில்: நுகத்தடியும் அம்புக்கட்டும் கொண்ட சின்னம். மெதுவாகப் பெரிதாகிறது.]

இந்தச் சின்னத்தைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். மாட்டின் கழுத்தில் மாட்டும் நுகத்தடி ஒன்று. அதோடு ஒரு கட்டு அம்புகள். 15ஆம் நூற்றாண்டில் இசபெல் ராணியும் ஃபெர்னாண்டோ மன்னரும் திருமணம் செய்து இரண்டு ராஜ்ஜியங்களை ஒட்டவைத்த காலத்துச் சின்னம் இது. இதில் ஒரு சொல் விளையாட்டு இருக்கிறது. நுகத்துக்கு ஸ்பானிஷில் 'யூகோ', அம்புகளுக்கு 'ஃப்ளெச்சாஸ்'. அந்தக் காலத்தில் இசபெல் பெயரை 'ஒய்' எழுத்தில்தான் தொடங்குவார்கள். ஆக, 'ஒய்'யில் தொடங்கும் யூகோ ராணிக்கு, 'எஃப்'பில் தொடங்கும் ஃப்ளெச்சாஸ் ராஜாவுக்கு. ஒரு தம்பதியின் காதல் குறிப்பு மாதிரி இருந்த இதை முதலில் ஃபலாங்கே என்ற பாசிசக் கட்சி எடுத்துக்கொண்டது. பிறகு ஃபிராங்கோ ஆட்சி அதை ஊர் எல்லைகளிலும் கட்டடங்களிலும் பதித்தது. ஐந்நூறு வருடத்துக்கு முன்பே ஸ்பெயின் ஒன்று, அதைக் கேள்வி கேட்பவன் துரோகி என்று அர்த்தம்.

கோஷம்: "ஒன்று, மகத்தானது, சுதந்திரமானது". நாணயத்தில் ஃபிராங்கோவின் தலையைச் சுற்றி "கடவுளின் அருளால் ஸ்பெயினின் தலைவர்" என்று பொறித்தார்கள். மக்கள் சும்மா இருப்பார்களா? ஸ்பெயின் ஏன் 'ஒன்று' தெரியுமா என்று ஒருத்தர் கேட்பார். இரண்டாவது ஒன்று இருந்தால் எல்லோரும் அங்கே போய்விடுவோமே என்பது பதில். இதைச் சத்தமாகச் சொல்ல முடியாது, அவ்வளவுதான்.

இசைக்கு வரி இல்லை என்றேன் அல்லவா? ஃபிராங்கோ காலத்தில் பள்ளிகளில் ஒரு பாட்டு சொல்லிக்கொடுத்தார்கள், இதே மெட்டுக்கு. அது அதிகாரபூர்வமாக ஆனதில்லை. ஆனால் எப்படித் தொடங்கும் என்று பாருங்கள்: "விவா எஸ்பான்யா, கைகளை உயர்த்துங்கள்". எந்தக் கையை, எப்படி உயர்த்தச் சொன்னார்கள் என்பதை நான் விளக்க வேண்டியதில்லை. 2008இல் அந்த இரண்டு சொல்லைக் கேட்டதும் பலருக்கு ஏன் பகீரென்றது என்பது இப்போது புரியும்.

[திரையில்: பழைய பிறப்புப் பதிவேட்டின் பக்கம்.]

மொழி விஷயத்துக்கு வருவோம். பள்ளி, அலுவலகம், நீதிமன்றம், பத்திரிகை எல்லாம் காஸ்டிலியன் மட்டுமே. 1938இல் வந்த ஓர் ஆணைப்படி குழந்தைக்குப் பெயர் பதிவதும் காஸ்டிலியனில்தான். வீட்டில் 'ஜோர்டி' என்று கூப்பிடும் பையன் பதிவேட்டில் 'ஹோர்கே'. பாஸ்க் வீட்டு 'இன்யாகி', காகிதத்தில் 'இக்னாசியோ'. கால்பந்து கிளப்புகளையும் விடவில்லை. ஆங்கில வாடை அடித்த அத்லெட்டிக் பில்பாவோ 1941இல் 'அத்லெடிகோ தே பில்பாவோ' ஆனது. பார்சிலோனாவும் தன் பெயரைக் காஸ்டிலியன் பாணிக்கு மாற்ற வேண்டியிருந்தது. பழைய பெயர்கள் 1970களில்தான் திரும்பக் கிடைத்தன. இத்தனையும் செய்த ஃபிராங்கோ பிறந்தது எங்கே? கலீசிய மொழி பேசும் ஊரில்.

ஆனால் இந்த 'ஒற்றுமை' எல்லோருக்கும் ஒரே அளவில் இல்லை. பாஸ்க் பகுதிகளுக்குத் தாங்களே வரி வசூலிக்கும் பழைய உரிமை ஒன்று இருந்தது. போரில் தன்னை எதிர்த்த பிஸ்காயா, கிபுஸ்கோவா இரண்டையும் 'துரோகி மாகாணங்கள்' என்று சொல்லி 1937இல் ஃபிராங்கோ அதைப் பிடுங்கினார். பக்கத்திலேயே தன்னை ஆதரித்த அலாவாவும் நவார்ராவும் அதே சலுகையோடு நிம்மதியாக இருந்தன. கொள்கை என்று சொல்வதைவிட, கூட இருந்தவனுக்கு வெகுமதி, எதிர்த்தவனுக்குத் தண்டனை என்பதே எனக்குச் சரியாகப் படுகிறது.

1968இல் நடந்த ஒரு கூத்தையும் சொல்லிவிடுகிறேன். யூரோவிஷன் பாட்டுப் போட்டிக்கு ஸ்பெயின் சார்பில் ஜுவான் மனுவேல் செர்ராட் போக வேண்டும். கேட்டலான் மொழியில் பாடுவேன் என்றார். உடனே அவரை எடுத்துவிட்டு மாசியேல் என்ற பாடகியை லண்டனுக்கு அனுப்பினார்கள். அதே பாட்டைக் காஸ்டிலியனில் பாடி அவர் முதல் பரிசும் வாங்கிவிட்டார். இதில் வேடிக்கை என்னவென்றால், அந்தப் பாட்டின் பல்லவி முழுக்க வெறும் "லா லா லா". எந்த மொழியில் பாடினாலும் அது அப்படித்தான் இருந்திருக்கும்!

[திரையில்: மாட்ரிட் தெரு. நடுவே பெரிய பள்ளம்.]

அடக்கினால் கரைந்துவிடும் என்று நினைத்தார்கள். நடந்தது தலைகீழ். பாஸ்க் தேசியவாதிகள் முதலில் கோயிலுக்குப் போகும் பழமைவாதிகள். ஃபிராங்கோ படை பாஸ்க் பாதிரியார்கள் சிலரையே சுட்டுக் கொன்றிருந்தது. அடுத்த தலைமுறைக்குப் பொறுமை இல்லை. 1959இல் ஈடா என்ற அமைப்பு பிறந்தது, பிறகு துப்பாக்கியைத் தூக்கியது. 1973 டிசம்பர் 20 அன்று மாட்ரிட்டில் தெருவுக்கு அடியில் சுரங்கம் தோண்டி, பிரதமர் கரேரோ பிளாங்கோவின் கார் மேலே வந்ததும் வெடிக்க வைத்தார்கள். கார் ஒரு கட்டடத்துக்கு மேலே பறந்து உள்முற்றத்தில் போய் விழுந்தது. ஃபிராங்கோவுக்குப் பின் ஆட்சியைத் தாங்கப்போகிறவர் என்று நினைத்திருந்த மனிதர் அவர்தான்.

1975 நவம்பர் 20. ஃபிராங்கோ இறந்தார், மருத்துவமனைக் கட்டிலில். யாரும் அவரைக் கவிழ்க்கவில்லை. இரண்டு நாள் கழித்து, அவரே தேர்ந்தெடுத்து வைத்திருந்த ஜுவான் கார்லோஸ் மன்னரானார். பின்னால் வந்த எல்லாச் சிக்கலுக்கும் இதுவே வேர் என்பேன். இத்தாலியிலும் ஜெர்மனியிலும் பாசிசம் போரில் தோற்றுப்போனது. இங்கே பழைய ஆட்களும் புதிய ஆட்களும் ஒரே மேசையில் உட்கார்ந்து பேசித்தான் ஜனநாயகம் வந்தது. பேச்சின் விலை: பழசைக் கிளறக்கூடாது. 1977 பொதுமன்னிப்புச் சட்டம் சிறையில் இருந்த எதிர்ப்பாளர்களை விடுவித்தது. சித்திரவதை செய்த போலீஸ்காரரையும் சேர்த்தே காப்பாற்றியது.

கொடியிலும் பேரம்தான். அதே வருடம் ஏப்ரலில் கம்யூனிஸ்ட் கட்சியைச் சட்டபூர்வமாக்கினார்கள். பதிலுக்குக் கட்சித் தலைவர் கரியோ குடியரசின் ஊதாப் பட்டைக் கொடியைக் கைவிட்டு, சிவப்பு மஞ்சள் கொடியை ஏற்றுக்கொண்டார். வாழ்நாள் முழுவதும் அந்தக் கொடிக்கு எதிராகப் போராடியவர்கள் அதன் முன்னால் உட்கார்ந்து கூட்டம் நடத்தினார்கள்.

1978 அரசியல் சாசனத்தின் 2ஆம் பிரிவைப் படித்தால் அந்த இழுபறி அப்படியே தெரியும். ஸ்பெயின் தேசத்தின் 'கலைக்க முடியாத ஒற்றுமை' என்று ஆரம்பித்து, அதே வாக்கியத்தில் 'தேசிய இனங்களுக்கும் வட்டாரங்களுக்கும்' சுயாட்சி என்று முடியும். இரண்டு தரப்பும் தனக்குப் பிடித்த பாதியை மட்டும் மனப்பாடம் செய்துகொண்டது. இன்று 17 சுயாட்சிப் பகுதிகள் இருக்கின்றன. கேட்டலானும் பாஸ்க்கும் கலீசியமும் அங்கங்கே ஆட்சிமொழி. அந்தச் சாசனத்தின் மூலப் பிரதியில் எந்தச் சின்னம் இருக்கிறது தெரியுமா? இறக்கை விரித்த கழுகு, நுகத்தடி, அம்புகள். புதிய சின்னத்துக்கான சட்டம் வந்ததே 1981இல்தான்.

அந்த 1981 பிப்ரவரி 23 அன்று மாலை, லெப்டினன்ட் கர்னல் தெஹேரோ மூன்று முனைத் தொப்பியும் கைத்துப்பாக்கியுமாக நாடாளுமன்றத்துக்குள் நுழைந்தார். கூரையை நோக்கிச் சுட்டதும் உறுப்பினர்கள் இருக்கைக்கு அடியில் படுத்துவிட்டார்கள். பதவி விலகும் பிரதமர் சுவாரெஸ், கம்யூனிஸ்ட் கரியோ, வயதான துணைப் பிரதமர் குட்டியெரெஸ் மெயாடோ போல வெகுசிலர் மட்டும் குனியவில்லை. நள்ளிரவுக்குப் பிறகு மன்னர் ராணுவ உடையில் தொலைக்காட்சியில் தோன்றிக் கண்டித்த பிறகு கலகம் அடங்கியது. குண்டு துளைத்த ஓட்டைகள் இன்னும் அந்தக் கூரையில் இருக்கின்றன.

அதன் பிறகு பல வருடம் ஸ்பானிய தேசியவாதம் வாய் திறக்கவில்லை. நாட்டைக் கொடுமைப்படுத்தியவர்கள் அதன் கொடியையும் பெயரையும் பிடித்துக்கொண்டு செய்ததால், இடதுசாரிகள் 'ஸ்பெயின்' என்று சொல்லவே கூச்சப்பட்டு 'இந்த நாடு' என்றார்கள். அல்லது 'ஸ்பானிய அரசு' என்றார்கள். பாவம், அது ஃபிராங்கோ தன் ஆட்சிக்கு வைத்த பெயர்! வலதுசாரிகள் வேறு சட்டை மாற்றிக்கொண்டார்கள். ஃபிராங்கோவின் அமைச்சராக இருந்த மனுவேல் ஃபிராகா, அரசியல் சாசனத்தை எழுதிய ஏழு பேரில் ஒருவர். அவர் தொடங்கிய கட்சிதான் பின்னால் மக்கள் கட்சி ஆனது. கடைசியில் கலீசியாவின் முதல்வராகி 15 வருடம் சுயாட்சியை அனுபவித்தார்.

[திரையில்: மாட்ரிட் அடுக்குமாடிகள். பால்கனி தவறாமல் கொடி.]

2010இல் உலகக் கோப்பையை வென்றபோது கூச்சமில்லாமல் கொடி பிடித்தார்கள், ஆனால் அது கால்பந்து. அரசியல் அதைத் திரும்ப எடுத்தது 2017இல். கேட்டலோனியாவின் சுயாட்சிச் சட்டத்தில் சில பகுதிகளை 2010இல் அரசியல் சாசன நீதிமன்றம் வெட்டியிருந்தது; அந்தக் கோபம் வளர்ந்து, 2017 அக்டோபர் 1 அன்று தடையை மீறி விடுதலை வாக்கெடுப்பு நடந்தது. போலீஸ் தடியடியை உலகமே பார்த்தது. அந்த வாரங்களில் ஸ்பெயினின் மற்ற ஊர்களில் பால்கனிகளில் சிவப்பு மஞ்சள் கொடிகள் முளைத்தன. அவற்றில் பெரும்பாலானவை ஃபிராங்கோவுக்காகத் தொங்கியவை அல்ல என்றே நினைக்கிறேன். ஆனால் அந்தக் கொடிகளுக்குக் கட்சி தேடியபோது, 2013இல் தொடங்கிய வாக்ஸ் என்ற தீவிர வலதுசாரிக் கட்சி தயாராக இருந்தது.

2019 அக்டோபர் 24. மாட்ரிட்டுக்கு வெளியே மலையில் 150 மீட்டர் உயரச் சிலுவைக்கு அடியில் இருந்த ஃபிராங்கோவின் கல்லறையை, உடலை வேறு இடத்துக்கு மாற்ற அரசு திறந்தது. போரில் இறந்த 33,000க்கும் அதிகமானோரின் எலும்புகள் அங்கே இருக்கின்றன. குடும்பத்துக்குச் சொல்லாமல் கொண்டுவந்து போட்ட குடியரசு வீரர்களும் அதில் அடக்கம். சவப்பெட்டியை வெளியே தூக்கி வந்த குடும்பத்தினர் வண்டி அருகே நின்று கத்தினார்கள்: "விவா எஸ்பான்யா! விவா ஃபிராங்கோ!" ஹெலிகாப்டர் கிளம்பிப் போனது.

இரண்டரை வாரம் கழித்துத் தேர்தல். வாக்ஸ் 52 இடங்களோடு மூன்றாவது பெரிய கட்சியானது.

[திரையில்: மீண்டும் பெர்லின்.]

நாம் ஆரம்பித்த ஆட்டத்தை ஸ்பெயின் 2-1 என்று ஜெயித்தது. வெற்றிக் கோலை அடித்த ஓயர்சபல், 'துரோகி மாகாணம்' என்றார்களே, அந்தக் கிபுஸ்கோவாவின் எய்பார் ஊர்க்காரர். முதல் கோல் நிக்கோ வில்லியம்ஸ், கானாவிலிருந்து வந்த பெற்றோருக்கு நவார்ராவின் பாம்ப்லோனாவில் பிறந்தவர். அப்போது அவர் ஆடிக்கொண்டிருந்தது அத்லெட்டிக் பில்பாவோவுக்கு. பெயரை மாற்ற வைத்தார்கள் என்று சொன்னேனே, அதே கிளப்.