பீரங்கியா பகையா? பட்டிமன்றத்துல நான் பேசினது

நடுவர் அய்யாவுக்கும் முன்வரிசையில உட்கார்ந்திருக்கிற பெரியவங்களுக்கும் வணக்கம். எதிரணித் தலைவர் இப்பதான் மேடையில பீரங்கி வெடிச்சுட்டு உட்கார்ந்திருக்கார், மைக்கே இன்னும் சூடா இருக்கு. தலைப்பு இதுதான்: மலபார் கரையில போர்ச்சுக்கீசியர் காலூன்றினது பீரங்கியாலயா, அங்க இருந்த ராஜாக்களோட பகையாலயா? நான் பகைன்னு பேச வந்திருக்கேன். ஊர் ரெண்டுபட்டான்னு ஆரம்பிக்கிற பழமொழியை எங்க தலைவர் ஏற்கனவே சொல்லிட்டதால நான் தொடல.

1498 மே மாசம் வாஸ்கோட காமா கோழிக்கோடு பக்கம் வந்து இறங்குறான். அப்பவும் கப்பல்ல பீரங்கி இருந்துச்சுங்க. ஆனா கோழிக்கோட்டு ராஜா சாமூதிரிக்குக் குடுக்க அவன் எடுத்து வெச்ச பரிசு என்ன தெரியுமா, கொஞ்சம் கோடு போட்ட துணி, ஆறு தொப்பி, நாலு சரம் பவளம், கை கழுவுற பாத்திரம், சர்க்கரை, எண்ணெய், தேன். உலகத்துக் கப்பலெல்லாம் வந்து நிக்கிற துறைமுகம், அந்த ராஜாவுக்குத் தொப்பி! அதிகாரிங்க பார்த்துட்டு சிரிச்சுட்டாங்க, மக்காவுல இருந்து வர்ற ஏழை வியாபாரி கூட இதைவிட நல்லாக் குடுப்பான்னு சொன்னதா அவங்க ஆளே எழுதி வெச்சிருக்கான். சுங்க வரி கட்டச் சொன்னதுக்கு மனசில்லாம, கரையில இருந்து சில பேரைப் பிடிச்சுக்கிட்டுக் கிளம்பிட்டான்.

1500ல அடுத்த போர்ச்சுக்கீசியத் தலைவன் கப்ரால் வர்றான், கோழிக்கோட்டுல பண்டகசாலை போடுறான், அரபு வியாபாரிங்களோட ஒரு கப்பலைப் பிடிக்கிறான், ஊர் கொதிச்சு எழுந்து பண்டகசாலையை அடிச்சு நொறுக்குது, ஐம்பது பேர் கிட்ட செத்தாங்க, பதிலுக்கு அவன் துறையில நின்ன கப்பல்களைக் கொளுத்தி ஊர் மேல குண்டு போட்டான். எதிரணி இதோட கதையை நிறுத்திட்டாங்க. நான் அடுத்த காட்சியைக் கேக்குறேன். குண்டு போட்டவனுக்குக் கோழிக்கோட்டுல ஒரு மூட்டை மிளகு கிடைச்சுதா? மிளகுக்கு அவன் கொச்சிக்குத்தான் போக வேண்டியிருந்துச்சு!

கொச்சி ராஜா யாரு? சாமூதிரிக்குக் கீழ அடங்கி இருந்தவரு. அந்த அரண்மனை வாரிசு விவகாரத்துல கூட சாமூதிரி கை வைப்பாரு. இப்படி அமுக்கி வெச்சிருந்த ஆளு வாசல்ல பீரங்கியோட ஒருத்தன் வந்து வியாபாரம் பண்ணலாமான்னு கேட்டா வேணாம்னா சொல்லுவாரு? நான் சாமூதிரியை மொத்தமா வெள்ளையடிக்க வரல. 1502ல காமா திரும்ப வந்து ஊர்ல இருக்கிற முஸ்லிம்கள் அத்தனை பேரையும் வெளிய அனுப்புன்னு மிரட்டினப்ப அந்த மனுஷன் அசையவே இல்ல, அதுக்காக அவரைக் கும்பிடலாம். ஆனா பக்கத்து ராஜாக்களை அவர் நடத்தின விதம் இருக்கே, அதுதான் போர்ச்சுக்கீசியனுக்குக் கதவைத் திறந்து விட்டுச்சு. 1503ல கொச்சி மேல படையெடுத்துப் போய் ஊரை எரிச்சாரு, அந்த ராஜா வைப்பின் தீவுக்கு ஓடினாரு, திரும்பப் பட்டத்துல உட்கார வெச்சவன் போர்ச்சுக்கீசியன், கைமாறா அதே வருஷம் கொச்சியில கோட்டை கட்ட இடம் கிடைச்சுது. மலபார்ல அவங்களோட முதல் கோட்டை, கட்ட இடம் குடுத்தது உள்ளூர் ராஜா. 1505ல கண்ணூர் கோட்டை, கோலத்திரி ராஜா அனுமதியோட.

1504ல போர்ச்சுக்கீசியத் தளபதி பச்செக்கோ நூத்துச் சொச்சம் பேரை வெச்சுக்கிட்டு சாமூதிரியோட பெரும்படையைக் கொச்சி காயல்ல நிறுத்தினானேன்னு எதிரணி சகோதரி கேட்டாங்க. நல்ல கேள்வி. பீரங்கி அங்க வேலை செஞ்சுது, ஒத்துக்குறேன். ஆனா அது கொச்சி ராஜாவோட காயல், அவரோட சோறு. வெறும் பீரங்கியை மட்டும் நம்பிப் போனா என்ன ஆகும்ங்கிறதுக்கு 1510 ஜனவரி இருக்கு: போர்ச்சுக்கீசிய ஆளுநர் அல்புகெர்க்கும் மார்ஷல் கூட்டீன்யோவும் நேரா கோழிக்கோட்டுல இறங்கி, சாமூதிரி ஊர்ல இல்லாத நேரம் பார்த்து அரண்மனையைக் கொளுத்தி, திரும்புற வழியில நாயர் படைகிட்ட மாட்டி, மார்ஷல் அங்கயே செத்தான், அல்புகெர்க் அடிபட்டுக் கப்பலுக்குத் தூக்கிட்டுப் போக வேண்டியதாப் போச்சு. குண்டால வாங்க முடியாத அதே ஊர்ல 1513ல புது சாமூதிரி ஒப்பந்தம் போட்டுக் கோட்டைக்கு இடம் குடுத்தாரு. அப்புறம் ரெண்டு பக்கமும் ஒத்து வராமப் போய் சாமூதிரி முற்றுகை போட்டப்ப, 1525ல போர்ச்சுக்கீசியனே அந்தக் கோட்டையை விட்டுட்டு ஓடினான். 1531ல கோழிக்கோட்டுக்குத் தெக்க, கூப்பிடு தூரத்துல சாலியத்துல ஒரு கோட்டை, அதுக்குத் துணை நின்னது தானூர் ராஜா. 1571ல சாமூதிரி அதைப் பிடிச்சு இடிச்சே போட்டாரு. எத்தனை பீரங்கி இருந்துச்சு அதுல!

கடல்ல அவன் ராஜாதான், அதை மறுக்கல. கர்தாஸ்னு அவன் குடுக்கிற ஒரு அனுமதிச் சீட்டு, அது இல்லாம கப்பல் போனா பிடிப்பான், கொளுத்துவான், 1502ல ஹஜ் போயிட்டு வந்த கப்பலையே பொம்பளைங்க குழந்தைங்களோட எரிச்ச பாவிங்க. ஆனா மிளகு கடல்ல விளையலையே அய்யா. மலையில விளைஞ்சு, ஆத்து வழியா தோணியில வந்து, ராஜாவுக்கு வரி கட்டி, வியாபாரி கை மாறித்தான் கப்பல் ஏறணும். ஆரம்பத்துல கொச்சியில அவங்களுக்குச் சரக்கு சேத்துக் குடுத்தவங்கள்ல மரைக்காயர் வியாபாரிங்களும் இருந்தாங்க, அப்புறம்தான் பகை முத்திச்சு.

இப்ப என் கடைசி சாட்சி, குஞ்ஞாலி மரைக்காயர். சாமூதிரியோட கடற்படைத் தலைவருங்க, நாலு தலைமுறை, சின்னச் சின்ன வேகமான படகை வெச்சுக்கிட்டு அந்தப் பெரிய கப்பல்காரனைத் தூங்க விடல. நாலாவது குஞ்ஞாலிக்கும் சாமூதிரிக்கும் முட்டிக்கிச்சு, அவர் தன்னையே ராஜான்னு சொல்லிக்கிட்டார்னும், சாமூதிரியோட யானை வாலை அறுத்தார்னும் கதை சொல்லுவாங்க. 1599ல போர்ச்சுக்கீசியன் வடகரை பக்கத்துக் கோட்டக்கல்ல அவர் கோட்டைக்குள்ள ஏறப் போய் அடி வாங்கித் திரும்பினான். 1600ல திரும்ப வந்தான், இந்தத் தடவை தரைப் பக்கம் சாமூதிரியோட படையே சூழ்ந்து நின்னுச்சு. உயிருக்கு உத்தரவாதம்னு சாமூதிரி சொன்னதை நம்பி வெளிய வந்த குஞ்ஞாலியைப் போர்ச்சுக்கீசியன் பிடிச்சுக்கிட்டு கோவாவுக்குக் கொண்டு போய்த் தலையை வெட்டினான். தலைமுறை தலைமுறையா கடல்ல எதிர்த்து நின்ன படை, அதை முடிக்கத் தன் எஜமானே எதிரியோட சேர வேண்டியிருந்துச்சு. இதுக்கு மேல நான் என்ன சாட்சி கொண்டு வர?

அவங்களைக் கொச்சியை விட்டு 1663ல டச்சுக்காரன் விரட்டினப்பவும் இதே கூத்துதான், பட்டம் கிடைக்காத ஒரு கொச்சி இளவரசர் அவன் பக்கம், சாமூதிரியும் அவன் பக்கம்.

அடுத்து பேச வர்ற எதிரணி அண்ணனுக்கு ஒரே கேள்வி. கண்ணூர்ல இருந்து கொல்லம் வரைக்கும், உள்ளூர் ராஜா ஒருத்தர் கூடத் துணை இல்லாம வெறும் பீரங்கியால கட்டி நிலைச்ச கோட்டை ஒண்ணு சொல்லுங்க. கோவான்னு சொல்லுவீங்க, தெரியும். கோவாவுக்கு வழி காட்டினது ஹொன்னாவர் பக்கத்துக் கடல் தலைவன் திம்மய்யா, அதனால அதை விட்டுட்டு வேற யோசிச்சுட்டு மேடைக்கு வாங்க. நன்றி, வணக்கம்.